ஏழு மாதம் முடிந்த பிறகு: கர்ப்பிணிகளும் வீட்டாரும் திரும்பத் திரும்பக் கேட்கும் கேள்விகள்

கிராம சுகாதார செவிலியராக இருந்த காலத்தில் துணை சுகாதார நிலைய வாசலிலும் வீட்டுத் திண்ணைகளிலும் கேட்ட சந்தேகங்கள், ஓய்வு பெற்ற பிறகும் கைப்பேசியில் வந்துகொண்டுதான் இருக்கின்றன. 28 வாரத்துக்குப் பிறகு வரக்கூடிய சிக்கல்களைப் பற்றியவற்றை மட்டும் இங்கே தொகுத்திருக்கிறேன். இதை வைத்துக்கொண்டு யாரும் மாத்திரையை நிறுத்தவோ கூட்டவோ வேண்டாம். எதற்குப் பயப்பட வேண்டும், எதற்கு வேண்டாம், எப்போது வண்டி ஏற வேண்டும் என்று தெரிந்துகொள்வதற்காக எழுதியது இது.

எட்டாம் மாதம் பிறந்துவிட்டது. இனி எத்தனை நாளைக்கு ஒரு முறை செக்கப்புக்குப் போக வேண்டும்?

முதலில் மாதக் கணக்கை விட்டுவிட்டு வாரக் கணக்குக்கு வாருங்கள். "எட்டு மாதம்" என்று ஒருவர் சொன்னால் அது எட்டு முடிந்ததா, எட்டு நடக்கிறதா என்று வீட்டுக்குள்ளேயே சண்டை வரும். கடைசி மாதவிலக்கின் முதல் நாளிலிருந்து 280 நாள், அதாவது 40 வாரம், பிரசவத் தேதி. மாதவிலக்கு ஒழுங்கில்லாதவர்களுக்கு முதல் மூன்று மாதத்தில் எடுத்த ஸ்கேன் சொல்லும் தேதிதான் நம்பகமானது. கடைசி மாதத்து ஸ்கேன் வேறு தேதி காட்டுகிறது என்று கணக்கை மாற்றக் கூடாது.

28 வாரத்திலிருந்து 36 வரை இரண்டு வாரத்துக்கு ஒரு முறை, அதன் பிறகு வாரம் ஒரு முறை என்பது பொதுவான வழக்கம். பிரஷர், சுகர், இரட்டைக் குழந்தை போன்றவை இருந்தால் இன்னும் அடிக்கடி வரச் சொல்வார்கள். ஒவ்வொரு முறையும் பிரஷர், எடை, சிறுநீரில் புரதம், வயிற்றின் உயரம், குழந்தையின் இதயத்துடிப்பு ஆகியவற்றைப் பார்த்து அட்டையில் எழுத வேண்டும். எழுதாமல் "எல்லாம் நார்மல்" என்று வாயால் மட்டும் சொன்னால், எண் எவ்வளவு என்று கேளுங்கள். பணம் ஒரு தடையாக இருந்தால், மாதந்தோறும் 9ஆம் தேதி அரசு மருத்துவமனைகளில் கர்ப்பிணிகளுக்கு இலவசப் பரிசோதனை நடக்கிறது. 2016இல் தொடங்கிய மத்திய அரசுத் திட்டம் அது.

எது எது வந்தால் நேரம் காலம் பார்க்காமல் கிளம்ப வேண்டும்?

பிறப்புறுப்பில் ரத்தப்போக்கு. பனிக்குடம் உடைந்து நீர் போவது. குழந்தையின் அசைவு குறைவது அல்லது நிற்பது. விடாத தலைவலி, கண் மங்குவது, கண்முன் மின்னுவது. மேல் வயிற்றில் கடும் வலி. வலிப்பு. வயிறு கல் போல இறுகித் தளராமல் இருப்பது. 37 வாரத்துக்கு முன் விட்டுவிட்டு வரும் வலி. குளிர்க்காய்ச்சல். மூச்சு வாங்குவது, நெஞ்சு வலி. ஒரு கால் மட்டும் வீங்கி வலிப்பது, ஏனென்றால் அது ரத்தக்கட்டாக இருக்கலாம்.

இந்தப் பட்டியலைக் கர்ப்பிணிக்குத் தெரிந்திருப்பதைவிடக் கணவருக்கும் மாமியாருக்கும் தெரிந்திருப்பது முக்கியம். தலைவலியோடு படுத்திருப்பவள் தானாக எழுந்து வண்டி கூப்பிட மாட்டாள். இவற்றில் பெரும்பாலானவற்றைக் கீழே விரிவாகச் சொல்கிறேன்.

கால் வீங்குவது எல்லோருக்கும் வருவதுதானே?

பெரும்பாலும் ஆமாம். நாள் முழுக்க நின்றால் சாயங்காலம் கணுக்கால் வீங்கும், படுத்து எழுந்தால் வற்றும். இதற்குப் பயம் வேண்டாம். காலையில் எழும்போதே இருக்கும் வீக்கம், முகத்திலும் கைகளிலும் வரும் வீக்கம், இரண்டு மூன்று நாளில் திடீரென்று ஏறும் எடை ஆகியவற்றைத்தான் கவனிக்க வேண்டும்.

நான் வீட்டுக்குப் போனால் முதலில் பார்ப்பது கையைத்தான். வளைகாப்பு அன்று சோப்புக்கூடப் போடாமல் சரசரவென்று ஏறிய கண்ணாடி வளையல்கள், சில வாரத்தில் மணிக்கட்டில் தடம் பதித்துக்கொண்டு நகராமல் நிற்கும். மோதிரம் கழலாது. கண் இமை காலையில் உப்பியிருக்கும். "பிள்ளை நிறம் ஏறிப் பூரித்திருக்கிறாள்" என்று பாட்டி சந்தோஷப்படுவார். அன்றைக்கே பிரஷர் பார்க்க வேண்டிய கை அது. அதேசமயம் வீக்கமே இல்லாமலும் பிரஷர் ஏறலாம். ஆகவே வீக்கம் இல்லை என்பதற்காகச் செக்கப்பைத் தள்ளிப்போடக் கூடாது.

பிரஷர் 140/90 என்றார்கள். எனக்குத் தலைவலி, மயக்கம் எதுவுமே இல்லை. மாத்திரை எதற்கு?

ஒன்றும் தெரியாமல் ஏறுவதுதான் இந்தப் பிரஷரின் குணம். 20 வாரத்துக்குப் பிறகு 140/90 அல்லது அதற்கு மேல், சில மணி நேரம் கழித்துப் பார்த்தாலும் அப்படியே இருந்தால் அது கர்ப்பகால ரத்த அழுத்தம். கூடவே சிறுநீரில் புரதம் போனாலோ, கல்லீரல், சிறுநீரகம், ரத்தத்தட்டு ஆகியவற்றின் பரிசோதனைகளில் கோளாறு தெரிந்தாலோ அதை முன்சூல்வலிப்பு என்பார்கள். 160/110ஐத் தொட்டால் அவசரம். தாய்க்கு மூளையில் ரத்தக்கசிவு வரை போகலாம். எண் பெரிதாகிய பிறகு தலைவலிக்காகக் காத்திருப்பதில் பொருளில்லை.

லபெட்டலால், நிஃபெடிபின், மெத்தில்டோபா ஆகியவை கர்ப்பத்தில் நெடுங்காலமாகக் கொடுக்கப்படும் மாத்திரைகள். கர்ப்பத்துக்கு முன்பே பிரஷருக்கு வேறு மாத்திரை சாப்பிட்டவர்கள் அதைக் கட்டாயம் மருத்துவரிடம் சொல்ல வேண்டும். சிலவகை மாத்திரைகள் குழந்தையின் சிறுநீரகத்தைக் கெடுக்கும். மாத்திரை பிரஷரைக் கட்டுக்குள் வைக்கும், நோயை மாற்றாது. நோயின் வேர் நஞ்சுக்கொடியில் இருப்பதால், அது வெளியே வந்தால்தான் தீரத் தொடங்கும். 37 வாரத்திலேயே பிரசவத்துக்கு ஏற்பாடு செய்கிறார்கள் என்றால் காரணம் இதுதான்.

உப்பை அறவே நிறுத்தினால் சரியாகிவிடும் என்று கஞ்சியைக் கூட உப்பில்லாமல் கொடுக்கிறார்கள். அப்பளம், ஊறுகாய், கருவாடு குறைந்தால் நல்லதுதான். ஆனால் உப்பில்லாச் சோறு இந்த நோயைத் தடுப்பதாக நிரூபணம் இல்லை. அந்தப் பெண் சாப்பிடாமல் இளைப்பதுதான் மிச்சம்.

வீட்டிலேயே பிரஷர் பார்க்கும் மெஷின் வாங்கலாமா?

பிரஷர் இருக்கிறது என்று சொல்லப்பட்டவர்கள் தாராளமாக வாங்கலாம். மேல்கையில் கட்டும் மெஷினாக இருக்கட்டும். மணிக்கட்டில் கட்டுவது அவ்வளவு நம்பகமில்லை. வாங்கியதும் அதை மருத்துவமனைக்கு எடுத்துப்போய் அங்குள்ள அளவோடு ஒப்பிட்டுப் பாருங்கள்.

பார்க்கும் விதத்தில்தான் எல்லாம் இருக்கிறது. சிறுநீர் கழித்துவிட்டு, ஐந்து நிமிடம் பேசாமல், நாற்காலியில் முதுகு சாய்த்து, கால்கள் தரையில் படும்படி உட்கார வேண்டும். கை, நெஞ்சு உயரத்தில் மேசைமேல் இருக்க வேண்டும். பட்டையைச் சட்டைத் துணிமேல் சுற்றக் கூடாது. தடித்த கையில் சிறிய பட்டை கட்டினால் எண் கூடுதலாகக் காட்டும். காலை, மாலை பார்த்துத் தேதி போட்டு எழுதுங்கள். பிடிக்காத எண் வந்தால் பிடித்த எண் வரும்வரை அழுத்திக்கொண்டே இருப்பவர்களைப் பார்த்திருக்கிறேன். எல்லா எண்ணையும் எழுத வேண்டும், கூடுதலாக வந்ததையும் சேர்த்து.

மேல் வயிறு எரிகிறது, வலிக்கிறது. கேஸ் தானே? சோடா குடித்தால் சரியாகுமா?

எட்டு ஒன்பது மாதத்தில் நெஞ்செரிச்சல் சகஜம், உண்மை. ஆனால் வலது விலாவுக்குக் கீழேயோ நெஞ்சுக்குழியிலோ அழுத்திப் பிடிப்பது போன்ற வலி, கூடவே வாந்தி என்றால் அது கல்லீரல் வீங்குவதன் அறிகுறியாக இருக்கலாம். முன்சூல்வலிப்பின் கடுமையான வடிவம் ஒன்றில் ரத்தத்தட்டுகள் சரசரவென்று இறங்கும், கல்லீரல் கெடும். அப்போது பிரஷர் பெரிதாக ஏறியிருக்க வேண்டும் என்றுகூட இல்லை. கேஸ் மாத்திரை போட்டும் தணியாவிட்டால் ரத்தப் பரிசோதனை இல்லாமல் "கேஸ்" என்று யாரும் முடிவு கட்டக் கூடாது.

ஜன்னி வந்துவிட்டால் கையில் சாவி கொடுக்க வேண்டுமா?

வேண்டாம். சாவி, இரும்பு, வெங்காயம் எதுவும் வேண்டாம். வாயில் கரண்டி, துணி, விரல் எதையும் வைக்கக் கூடாது. இடப்பக்கமாகச் சாய்த்துப் படுக்க வையுங்கள், கீழே விழாமல் பார்த்துக்கொள்ளுங்கள், எச்சில் வெளியே வழியட்டும். தண்ணீர் புகட்டாதீர்கள். 108ஐக் கூப்பிடும்போது "ஒன்பது மாதக் கர்ப்பிணி, வலிப்பு" என்ற சொற்களை முதலில் சொல்லுங்கள்.

மெக்னீசியம் சல்ஃபேட் என்ற மலிவான ஊசி மருந்து இதற்கு உண்டு. வலிப்பு வந்தவருக்கு மீண்டும் வராமல் தடுக்கும், கடும் முன்சூல்வலிப்பு உள்ளவருக்கு வராமலே காக்கும். 2002இல் வெளியான பெரிய ஆய்வொன்று, இந்த ஊசி வலிப்பு வரும் வாய்ப்பைப் பாதிக்கு மேல் குறைப்பதாகக் காட்டியது. ஆரம்ப சுகாதார நிலையத்திலேயே முதல் டோஸைக் கொடுத்துவிட்டுப் பெரிய மருத்துவமனைக்கு அனுப்பலாம். ஜன்னி தானாக நின்றுவிட்டது, தூங்குகிறாள், காலையில் போகலாம் என்று விடுவதுதான் மிகப் பெரிய ஆபத்து. அவள் தூங்கவில்லை, நினைவில்லாமல் இருக்கிறாள்.

குழந்தையின் துடிப்பை எப்படி எண்ணுவது?

சாப்பிட்ட பிறகு, குழந்தை வழக்கமாகத் துறுதுறுவென்று இருக்கும் நேரத்தில், இடப்பக்கம் படுத்துக் கவனியுங்கள். உதை, புரளல், நெளிவு எல்லாம் கணக்கு. விக்கல் கணக்கில்லை. இரண்டு மணி நேரத்துக்குள் பத்து அசைவு தெரிந்தால் நல்லது. பலருக்கு அரை மணியிலேயே பத்து வந்துவிடும். தெரியாவிட்டால் அன்றைக்கே, அந்த நேரத்திலேயே மருத்துவமனை.

எண்ணிக்கை ஒரு துணைதான். உலகில் எல்லா மருத்துவர்களும் ஒரே எண்ணைச் சொல்வதில்லை, 12 மணி நேரத்தில் பத்து என்று சொல்பவர்களும் உண்டு. அதைவிட உங்கள் குழந்தையின் வழக்கம் என்ன என்று தெரிந்துகொள்வது பெரிது. தினமும் இரவு பத்து மணிக்குத் தூங்கவிடாமல் உதைக்கிற குழந்தை இன்று பத்து மணிக்குச் சும்மா இருந்தால், எண் எதுவாக இருந்தாலும் அது மாற்றம். வயிற்றுக்குள் குழந்தை தூங்கவும் செய்யும். பொதுவாக 20 முதல் 40 நிமிடம், ஒன்றரை மணிக்கு மேல் போவது அரிது.

ஒன்பதாம் மாதம் இடமில்லாததால் அசைவு குறையும் என்கிறார்களே?

இந்தப் பேச்சை ஒழிக்க முடிந்தால் எத்தனையோ குழந்தைகள் பிழைக்கும். அசைவின் விதம் மாறும். துள்ளிக் குதிப்பது போய், உருளுவது, தள்ளுவது போல இருக்கும். அசைவின் அளவு குறையக் கூடாது. பிரசவ வலி தொடங்கும்வரை, ஏன் வலியின்போதும், குழந்தை அசையும்.

அசைவு குறைவது, நஞ்சுக்கொடி வழியாக வரும் ஆக்சிஜன் போதாமல் குழந்தை தன் பலத்தைச் சேமிப்பதாக இருக்கலாம். சில்லென்று தண்ணீர் குடித்துப் பார், இனிப்பு சாப்பிட்டுப் பார் என்பார்கள். பசியாக இருந்தால் சாப்பிடுங்கள், தவறில்லை. ஆனால் ஒவ்வொன்றாகச் செய்து பார்த்து ஒரு இரவைக் கழிக்காதீர்கள். இணையத்தில் வாங்கும் டாப்ளர் கருவியை வைத்து "துடிப்பு கேட்கிறது" என்று நிம்மதி அடைவதும் வேண்டாம். உங்கள் ரத்தக்குழாயின் துடிப்பே அதில் கேட்கும். குழந்தையின் துடிப்பாகவே இருந்தாலும், துடிக்கிறது என்பதால் நலமாக இருக்கிறது என்று ஆகிவிடாது.

நேற்றுத்தான் ஸ்கேன் எடுத்தோம், எல்லாம் நன்றாக இருந்தது. இன்று அசைவு குறைவாக இருந்தால் மறுபடி போக வேண்டுமா?

போக வேண்டும். ஸ்கேன் எடுத்த அந்த அரை மணி நேரத்தைப் பற்றித்தான் அது பேசும். நஞ்சுக்கொடி பிரிவது போன்றவை ஸ்கேன் முடிந்த மறுநாளும் வரலாம்.

அங்கே என்.எஸ்.டி. என்ற பரிசோதனை செய்வார்கள். வயிற்றில் இரண்டு பட்டை கட்டி, 20 நிமிடமாவது குழந்தையின் இதயத்துடிப்பைத் தாளில் வரைவார்கள். குழந்தை அசையும்போது துடிப்பு ஏறி இறங்க வேண்டும். தேவைப்பட்டால் பனிக்குட நீரின் அளவும், குழந்தைக்குப் போகும் ரத்த ஓட்டத்தைக் காட்டும் டாப்ளர் ஸ்கேனும் பார்ப்பார்கள். எல்லாம் சரியாக இருந்து திரும்பி வந்து, மூன்றாம் நாள் மறுபடி குறைந்தால் மறுபடி போங்கள். "அடிக்கடி வருகிறாள்" என்று யாராவது முகம் சுளித்தால் சுளிக்கட்டும். இரண்டாம் முறை வருபவரைக் கூடுதல் கவனத்தோடு பார்க்க வேண்டும் என்பதுதான் மருத்துவ முறை.

வயிறு இறுகி இறுகி விடுகிறது. இது சூட்டு வலியா, பிரசவ வலியா?

சூட்டு வலி என்று நாம் சொல்லும் பொய் வலி ஒழுங்கில்லாமல் வரும், நடந்தாலோ படுத்தாலோ தண்ணீர் குடித்தாலோ அடங்கும். உண்மையான வலி இடுப்பிலிருந்து முன்னால் சுற்றி வரும், இடைவெளி குறைந்துகொண்டே வரும், எப்படிப் படுத்தாலும் அடங்காது. 37 வாரம் முடிந்தவர்கள் சீரகத் தண்ணீர் குடித்துவிட்டுக் கொஞ்ச நேரம் கவனிக்கலாம்.

37க்கு முன் என்றால் கதை வேறு. ஒரு மணி நேரத்தில் நான்கைந்து முறை இறுகினாலோ, அடிவயிறு கனத்துக் கீழே தள்ளுவது போல இருந்தாலோ, நீர்த்த வெள்ளைப்படுதல் கூடினாலோ சீரகத் தண்ணீரோடு உட்காரக் கூடாது. குறைமாதப் பிரசவம் ஆகப்போகிறது என்று தெரிந்தால், குழந்தையின் நுரையீரல் முதிர்வதற்காக ஸ்டீராய்டு ஊசி போடுவார்கள். இந்தியாவில் அரசு முறைப்படி 24 முதல் 34 வாரம் வரை டெக்சாமெத்தசோன், 12 மணிக்கு ஒன்றாக நான்கு ஊசி. அது வேலை செய்ய நேரம் வேண்டும். வலி முற்றிய பிறகு வந்தால் அந்த நேரம் கிடைக்காது. சிறுநீர்த் தொற்றும் இப்படி வலியைக் கிளப்பிவிடும் என்பதால் சிறுநீர்ப் பரிசோதனையும் கேட்பார்கள்.

புடவை நனைந்துவிட்டது. பனிக்குடமா, சிறுநீரா என்று எப்படித் தெரியும்?

சிறுநீர் கழித்துவிட்டு, வெள்ளைத் துணியோ நாப்கினோ வைத்து, அரை மணி படுத்துவிட்டு எழுந்திருங்கள். எழும்போது மீண்டும் சளக்கென்று நனைந்தால், சிறுநீர் நாற்றமும் இல்லாவிட்டால், பனிக்குட நீராக இருக்கவே வாய்ப்பு அதிகம். அந்தத் துணியை எறியாமல் எடுத்துப் போங்கள். நிறம் முக்கியம். நிறமற்றோ வெளிர் நிறத்திலோ இருந்தால் நல்லது. பச்சையாக இருந்தால் குழந்தை உள்ளேயே மலம் கழித்திருக்கிறது, நாறினால் தொற்று. இந்த இரண்டிலும் அரை மணி பரீட்சையெல்லாம் வேண்டாம், உடனே கிளம்புங்கள்.

நீர் உடைந்த பிறகு வலி வரவில்லை என்று வீட்டில் காத்திருப்பது பெரிய தவறு. நேரம் போகப்போகக் கிருமி மேலே ஏறும். நீரோடு தொப்புள்கொடி போல ஏதாவது வெளியே வந்தாலோ தட்டுப்பட்டாலோ, அதை உள்ளே தள்ளாதீர்கள். முழங்காலும் முன்கைகளும் தரையில் ஊன்றி, பின்பக்கம் உயர்ந்து தலை தாழ்ந்து இருக்கும் நிலையிலேயே வண்டி வரும்வரை இருக்க வேண்டும்.

கொஞ்சமாகத்தான் ரத்தம் பட்டது, வலியும் இல்லை. பயப்பட வேண்டுமா?

வலியில்லாத சிவந்த ரத்தம்தான் எனக்கு அதிகப் பயம் தருவது. நஞ்சுக்கொடி கீழிறங்கி கர்ப்பப்பை வாயை மூடியிருந்தால் இப்படித்தான் முதலில் கொஞ்சம் காட்டிவிட்டு நிற்கும், அடுத்த முறை கொட்டும். ஐந்தாம் மாத ஸ்கேனில் "நஞ்சு கீழே இருக்கிறது" என்று எழுதியிருந்தால் 32 வாரம் வாக்கில் மீண்டும் பார்க்க வேண்டும். பெரும்பாலானவர்களுக்குக் கர்ப்பப்பை வளர வளர அது மேலே போய்விடும். போகாதவர்கள் ரத்த வங்கி இருக்கும் மருத்துவமனைக்கு அருகில் இருக்க வேண்டும். ரத்தம் பட்டால் ஸ்கேன் பார்க்கும் முன் யாரையும் உள்பரிசோதனை செய்ய விடாதீர்கள்.

ரத்தத்தோடு வயிறு இறுகி விடாமல் வலித்தால் நஞ்சுக்கொடி பிரிந்திருக்கலாம். வயிற்றில் அடிபட்ட பிறகோ, பிரஷர் உள்ளவர்களுக்கோ இது வரும். வெளியே தெரியும் ரத்தம் சொற்பமாக இருக்கும், உள்ளே குடம் நிறைந்திருக்கும். 37 வாரத்துக்குப் பிறகு, வழவழப்பான சளியோடு கீற்றுக் கீற்றாக ரத்தம் தெரிவது மட்டுமே பிரசவம் நெருங்குவதன் இயல்பான அடையாளம். ரத்த வகை நெகட்டிவ் என்றால் எந்த ரத்தப்போக்குக்குப் பின்னும் ஆன்டி-டி ஊசி பற்றிக் கேளுங்கள். 72 மணி நேரத்துக்குள் போட வேண்டியது அது.

ஸ்கேனில் கொடி சுற்றியிருக்கிறது, நீர் குறைவு என்று போட்டிருக்கிறார்கள். உடனே ஆபரேஷனா?

இரண்டையும் ஒரே தட்டில் வைக்காதீர்கள். பிறக்கும்போது ஏறக்குறைய நான்கில் ஒரு குழந்தைக்குக் கழுத்தில் தொப்புள்கொடி சுற்றியிருக்கும். பெரும்பாலும் தளர்வாக இருக்கும், தலை வந்ததும் விரலால் எடுத்துவிடுவோம். அது மட்டும் சிசேரியனுக்குக் காரணமாகாது. "கொடி மூன்று சுற்று, மாமனுக்கு ஆகாது" என்று ஜோசியம் பார்ப்பதற்கு நான் பதில் சொல்வதில்லை.

நீர் குறைவு கவனிக்க வேண்டியது. நீர்க் குறியீடு 5 சென்டிமீட்டருக்குக் கீழே போனால் குறைவு என்பார்கள். 7, 8 என்று இருந்தால் கண்காணிப்பு போதும். முதலில் பனிக்குடம் கசிகிறதா என்று பார்க்க வேண்டும். அடுத்து, குழந்தையின் வளர்ச்சி எப்படி, டாப்ளர் எப்படி என்று பார்க்க வேண்டும். தண்ணீர் நிறையக் குடித்தால் குறியீடு ஓரளவு ஏறுவது உண்மைதான், ஆனால் நஞ்சுக்கொடி சரியாக வேலை செய்யாததால் குறைந்த நீரை இளநீர் நிரப்பாது. "வாரம் எத்தனை, வளர்ச்சி எப்படி, டாப்ளர் எப்படி" என்ற மூன்று கேள்விகளை மருத்துவரிடம் கேளுங்கள்.

எனக்குச் சர்க்கரையே இல்லை. ஏழாம் மாதத்தில் குளுக்கோஸ் தண்ணீர் கொடுத்துப் பார்த்து 152 என்கிறார்கள். நம்பலாமா?

நம்பலாம். 75 கிராம் குளுக்கோஸ் குடித்து இரண்டு மணி நேரம் கழித்து 140 அல்லது அதற்கு மேல் இருந்தால் கர்ப்பகாலச் சர்க்கரை. சாப்பிட்டிருந்தாலும் சாப்பிடாவிட்டாலும் செய்யக்கூடிய இந்த முறை, சென்னை மருத்துவர் வி. சேஷய்யாவின் முயற்சியால் நாடு முழுக்கப் பரவியது. வெறும் வயிற்றில் 95க்குக் கீழே, சாப்பிட்ட இரண்டு மணியில் 120க்குக் கீழே இருக்க வேண்டும் என்பது இலக்கு. பலருக்கு உணவு மாற்றமும் சாப்பிட்ட பின் நடையும் போதும். இன்சுலின் கொடுத்தால் பயப்பட வேண்டாம், அது குழந்தைக்குப் போகாது.

கட்டுப்படாவிட்டால் குழந்தை பெருத்து, தோள் சிக்கும். பிறந்ததும் குழந்தைக்குச் சர்க்கரை இறங்கும். இவர்கள் மேலே சொன்ன அசைவுக் கணக்கை ஒரு நாளும் விடக் கூடாது.

ஹீமோகுளோபின் 8.5. மாதுளை, பேரீச்சை சாப்பிட்டால் போதாதா?

ஒன்பதாம் மாதத்தில் போதாது. 11க்குக் கீழே ரத்தசோகை, 7க்குக் கீழே கடுமை. பிரசவத்துக்குச் சில வாரமே இருக்கும்போது சத்துணவை மட்டும் நம்பி ஏற்ற முடியாது. இரும்புச் சத்து மாத்திரையைக் காப்பி, டீ, கால்சியம் மாத்திரை ஆகியவற்றிலிருந்து இரண்டு மணி நேரம் தள்ளிச் சாப்பிடுங்கள். மலம் கறுப்பது இயல்பு. ஏறவில்லை என்றால் நரம்பு வழியாக இரும்புச் சத்து ஏற்றுவார்கள், ஆரம்ப சுகாதார நிலையங்களிலேயே செய்கிறார்கள். நல்ல ரத்தம் உள்ளவர் தாங்கும் உதிரப்போக்கை ரத்தசோகை உள்ளவர் தாங்க மாட்டார். பேரீச்சையையும் விட வேண்டாம், அது பாட்டுக்கு இருக்கட்டும்.

உள்ளங்கையும் உள்ளங்காலும் இரவெல்லாம் அரிக்கிறது. தோலில் ஒன்றுமே இல்லை. எண்ணெய் தடவலாமா?

வயிறு விரிவதால் வயிற்றுத் தோல் அரிக்கும், அதற்குத் தேங்காய் எண்ணெய் சரி. தடிப்பு எதுவும் இல்லாமல் உள்ளங்கை, உள்ளங்கால் அரித்து, இரவில் கூடினால் பித்த அமிலம் ரத்தத்தில் தேங்குகிறதா என்று பார்க்க வேண்டும். அதற்கும் கல்லீரலுக்கும் ரத்தப் பரிசோதனை உண்டு. பித்த அமிலம் மிக அதிகமாக ஏறினால் குழந்தை வயிற்றிலேயே இறக்கும் ஆபத்து கூடும் என்பதால் பிரசவத்தை முன்னதாகவே வைத்துக்கொள்வார்கள்.

முதல் பிரசவம் சிசேரியன். இந்த முறை தையல் இடத்தில் இழுக்கிறது. சாதாரணமா?

மேல்தோல் தழும்பு இழுப்பதும் அரிப்பதும் சாதாரணம். விட்டுவிட்டு வராமல் தொடர்ந்து, தழும்புக்கு மேலே குறிப்பிட்ட இடத்தில் தொட்டாலே வலித்தால் உடனே காட்ட வேண்டும். கர்ப்பப்பைத் தையல் மெலிவதாக இருக்கலாம். நஞ்சுக்கொடி முன்பக்கம், கீழே, பழைய தழும்பின் மேலேயே இருக்கிறது என்று ஸ்கேன் சொன்னால், அது கர்ப்பப்பைச் சுவருக்குள் ஊடுருவியிருக்கிறதா என்று நிபுணர் பார்க்க வேண்டும். அப்படிப்பட்டவர்களுக்குச் சிறிய நர்சிங் ஹோம் ஏற்ற இடமில்லை, எவ்வளவு பழகிய மருத்துவராக இருந்தாலும் சரி. சுகப்பிரசவம் வேண்டும் என்றாலும் வலி வந்தவுடன் அறுவை அரங்கு உள்ள இடத்தில் இருக்க வேண்டும்.

தேதி தாண்டி ஐந்து நாள் ஆகிறது, வலி வரவில்லை. விளக்கெண்ணெய் குடிக்கலாமா?

வேண்டாம். வாந்தியும் வயிற்றுப்போக்கும் வந்து உடல் வற்றிப் போகும். வலி எழும்பினாலும் யார் கட்டுப்பாட்டிலும் இல்லாத வலியாக இருக்கும். சிசேரியன் ஆனவர்களுக்கு இது இன்னும் ஆபத்து.

41 வாரம் நிறைந்தால் வலி வரவழைக்க வேண்டும் என்பதே உலக சுகாதார நிறுவனத்தின் பரிந்துரை. நஞ்சுக்கொடிக்கும் வயதாகும், 42ஐ நெருங்க நெருங்க ஆபத்து ஏறும். பிரஷர், சுகர் உள்ளவர்களுக்கு அவ்வளவு நாள்கூடக் காத்திருப்பதில்லை. காத்திருக்கும் நாட்களில் என்.எஸ்.டி., நீர் அளவு, அசைவுக் கணக்கு மூன்றும் வேண்டும். நல்ல நட்சத்திரத்துக்காக இரண்டு நாள் தள்ளிப்போடுவது, முன்னே இழுப்பது இரண்டையும் கேட்கிறார்கள். பஞ்சாங்கத்துக்கு நஞ்சுக்கொடியின் நிலை தெரியாது.

தாய் வீட்டுக்குப் பிரசவத்துக்குப் போகிறேன். எதை எடுத்துப் போக வேண்டும்?

புடவைப் பெட்டிக்கு முன்னால் ஃபைல். நம் ஊரில் பெண் இடம் மாறுவது சரியாக ஆபத்துக் கூடும் மாதத்தில்தான். ஆறு மாதம் பார்த்த மருத்துவர் ஓர் ஊரில், பிரசவம் பார்க்கப்போகிறவர் வேறு ஊரில். பழைய பிரஷர் எண்கள் இல்லாவிட்டால், 130/86 என்பது இவருக்கு ஏற்றமா வழக்கமா என்று புதியவருக்குத் தெரியாது. தாய்-சேய் அட்டை, பிக்மி எண் (அரசிடம் கர்ப்பத்தைப் பதிந்த எண்), ரத்த வகை, எல்லா ஸ்கேன்களும், சாப்பிடும் மாத்திரைகள், பழைய சிசேரியன் டிஸ்சார்ஜ் தாள் ஆகியவற்றை ஒரே ஃபைலில் வையுங்கள். எல்லாவற்றையும் கைப்பேசியில் படம் எடுத்து இன்னொருவர் கைப்பேசிக்கும் அனுப்புங்கள். போன முதல் வாரத்திலேயே அந்த ஊர் கிராம சுகாதார செவிலியரிடம் பதிந்துகொள்ளுங்கள்.

அடுத்து, 24 மணி நேரமும் சிசேரியனும் ரத்தம் ஏற்றுவதும் நடக்கும் அரசு சீமாங் மையம் எங்கே, இரவில் எவ்வளவு நேரம் ஆகும் என்று முன்பே கேட்டு வையுங்கள். ஆபத்து உள்ளவர் என்று அட்டையில் எழுதியிருந்தால் அருகில் இருக்கும் சிறிய இடத்துக்குப் போய் அங்கிருந்து அனுப்பப்படுவதில் ஒரு மணி நேரம் வீணாகும். 108 இலவசம். ஆலோசனை மட்டும் வேண்டுமென்றால் 104.

இரவு இரண்டு மணி. போய் ஒன்றுமில்லை என்று திருப்பி அனுப்பினால்?

திரும்பி வந்து தூங்குங்கள். ஒன்றுமில்லை என்பதும் ஒரு பரிசோதனை முடிவுதான். மேலே இரண்டாம் கேள்வியில் உள்ள எதுவாக இருந்தாலும் விடியட்டும் என்ற பேச்சு வேண்டாம். வண்டிக்காரரை எழுப்புவதற்குக் கூச்சம், மாப்பிள்ளை வீட்டில் என்ன நினைப்பார்கள் என்ற கூச்சம், போன வாரம்தானே போனோம் என்ற கூச்சம். நான் பார்த்த தாமதங்களில் பணத்தைவிட இந்தக் கூச்சம்தான் அதிகம். திட்டிவிடுவார்கள் என்று பயந்தால், "அசைவு குறைந்திருக்கிறது, பார்த்துச் சொல்லுங்கள்" என்ற ஒரே வாக்கியத்தைச் சொல்லிவிட்டு உட்காருங்கள். என்.எஸ்.டி. எடுக்காமல் எழாதீர்கள்.

பிரசவம் முடிந்துவிட்டது. இனி பிரஷரைப் பற்றிக் கவலை இல்லையே?

இருக்கிறது. நஞ்சுக்கொடி வெளியே வந்தால் தீரத் தொடங்கும் என்று மேலே சொன்னேன், அன்றைக்கே தீரும் என்று சொல்லவில்லை. பிரசவத்துக்குப் பின் மூன்றாம் நாளிலிருந்து ஆறாம் நாள் வரை பிரஷர் மீண்டும் ஏறும். சரியாக அந்த நாட்களில்தான் டிஸ்சார்ஜ் ஆகி வீட்டுக்கு வந்திருப்பாள். பிரசவத்துக்கு முன் பிரஷரே இல்லாதவர்களுக்கும் வலிப்பு வரலாம். முதல் 48 மணி நேரத்தில் அதிகம், ஆனால் ஆறு வாரம் வரை வாய்ப்பு உண்டு.

குழந்தை பிறந்த வீட்டில் எல்லோர் கண்ணும் தொட்டிலில் இருக்கும். தாய் தலைவலிக்கிறது என்றால் "தூக்கம் இல்லை, பச்சை உடம்பு" என்று பத்துப் போட்டுப் படுக்க வைப்பார்கள். பத்து போடுங்கள், முதலில் பிரஷர் பாருங்கள். முதுகில் ஊசி போட்டு ஆபரேஷன் ஆனவர்களுக்கு உட்கார்ந்தால் கூடி, படுத்தால் குறையும் தலைவலி வருவதுண்டு. அதுதான் என்று முடிவு செய்வதற்கு முன்பும் பிரஷர் பார்க்க வேண்டும். டிஸ்சார்ஜ் தாளில் எழுதிய பிரஷர் மாத்திரையைப் பால் சுரப்புக்கு ஆகாது என்று நிறுத்தாதீர்கள், பாலூட்டும்போது சாப்பிடக்கூடியதைத்தான் கொடுத்திருப்பார்கள். செவிலியர் குழந்தையை எடை போட வரும்போது தாயின் கையையும் நீட்டச் சொல்லுங்கள்.